மூன்று பண்ணைகளும் ஓர் ஊஞ்சலும்

முதல் நாள்: 2019 பிப்ரவரி 22, வெள்ளி. நியூஹால்

நேற்று இந்த ஊரில் பனி தூவியது. தங்கை வீட்டு வாசலில் நின்று கையை நீட்டினேன். உள்ளங்கையில் விழுந்து கரைந்தது. கலிஃபோர்னியாவின் சாண்டா கிளாரிட்டா பள்ளத்தாக்குக்குக் குடிவந்து பதினோரு வருடமாகிறது, இப்படியொரு நாளைப் பார்த்ததே இல்லை என்றாள் அவள். இன்று காலை வெயில் வந்துவிட்டது. சுற்றியுள்ள மலைகளின் தலையில் மட்டும் சுண்ணாம்பு பூசியதுபோல் வெள்ளை. தொடர்ந்து பெய்த மழையில் கீழ்ச் சரிவுகளெல்லாம் பச்சை பிடித்துக் கிடக்கின்றன.

மாப்பிள்ளை லீவு போட்டுவிட்டார். "மச்சான், நீங்க சொன்ன அந்தக் குதிரைக்காரர் வீடு பக்கந்தானுங்க. பத்து நிமிசம். மொதல்ல அதைப் பாத்துருவோம்."

குதிரைக்காரர் என்று அவர் சொன்னது வில்லியம் எஸ். ஹார்ட்டை. மௌனப்பட காலத்தில் மேற்கத்தியப் படங்களின் முதல் பெரிய நட்சத்திரங்களில் ஒருவர். கௌபாய் படம் என்றதும் நம் மனதில் எழும் அந்த நெடிய, சிரிக்காத, இடுப்பில் இரண்டு துப்பாக்கி தொங்கும் மனிதனுக்கு முதலில் முகம் கொடுத்தவர்களில் ஒருவர். 1864-ல் நியூயார்க் மாநிலத்தில் பிறந்தவர். நாடக மேடையில் கால் நூற்றாண்டு உழைத்தார்; 1899-ல் பென்-ஹர் நாடகம் அரங்கேறியபோது மெஸாலா என்ற வில்லன் வேடம் இவருக்குத்தான். 1914-ல் சினிமாவுக்கு வந்தபோது ஐம்பதை நெருங்கிவிட்டார். மற்றவர்கள் ஓய்வைப் பற்றி யோசிக்கும் வயதில் இவர் குதிரை ஏறினார். ஜிகினா உடுப்பெல்லாம் அவருக்குப் பிடிக்காது. புழுதி படிந்த சட்டை, வெயிலில் காய்ந்த தோல், மரப்பலகைத் தெரு என்று மேற்கு உண்மையில் எப்படி இருந்ததோ அப்படியே திரையில் வர வேண்டும் என்பதில் பிடிவாதம்.

பத்து நிமிடமும் ஆகவில்லை. நியூஹால் ரயில் நிலையத்துக்குக் கிட்டத்திலேயே பூங்காவின் வாசல். நுழைவுக் கட்டணம் கிடையாது. அதன் காரணத்தை மேலே போய்த்தான் தெரிந்துகொண்டேன்.

அடிவாரத்தில் ஒரு சிறிய மர வீடு. 1910-ல் கட்டியது. ஹார்ட் இந்த இடத்தை 1921-ல் வாங்கினார். அப்போது இதன் பெயர் ஹார்ஸ்ஷூ பண்ணை, அதாவது லாடப் பண்ணை. 'ரேஞ்ச்' என்பதற்கு நாம் பண்ணை என்று எழுதிவிடுகிறோம். ஆனால் இந்த மலைச்சரிவில் உழவுக்கோ நடவுக்கோ இடமில்லை. இது மேய்ச்சல் பூமி. எங்கள் காங்கேயம் பக்கத்துக் கொறங்காட்டு மேய்ச்சல் நிலத்தைப் பார்த்து வளர்ந்தவனுக்கு வேலியைக் கண்டதுமே அது புரிந்துவிடும்: வேலி நிற்பது பயிரைக் காக்க அல்ல, உருப்படிகளை, அதாவது ஆடுமாடுகளைக் காக்க.

அந்த வேலிக்குள் நின்றிருந்தவை பைசன்கள். பனி பெய்த மறுநாள் என்பதாலோ என்னவோ, மூக்கிலிருந்து ஆவி பறக்க அசையாமல் நின்றன. முன்னுடல் மலைபோல், பின்னுடல் கன்றுபோல். இந்தக் கூட்டத்தின் முன்னோர்களை 1962-ல் பூங்காவுக்குக் கொடுத்தவர் வால்ட் டிஸ்னி. மருமகள் (தங்கை மகள், பன்னிரண்டு வயது, ஏழாம் வகுப்பு) கம்பியைப் பிடித்தபடி வெகுநேரம் நகரவில்லை. "மாமா, இது நம்ம ஊர் எருமையோட சொந்தமா?" என்றாள். தூரத்துச் சொந்தம் என்றேன். ஒரே குடும்பந்தான்.

வீட்டுக்கு மலைமேல் ஏற வேண்டும். செங்குத்தான பாதை, வழியெல்லாம் கற்றாழைகளும் செம்மண்ணும். மேலே போனதும் காற்று அறைந்தது. ஹார்ட் இந்த வீட்டுக்கு வைத்த பெயர் 'லா லோமா தே லோஸ் வியந்தோஸ்', காற்றுகளின் குன்று. ஸ்பானிய பாணியில் வெள்ளைச் சுவர், சிவப்பு ஓடு, 22 அறைகள். ஆர்தர் கெல்லி என்ற கட்டடக் கலைஞர் வரைந்தது. 1920-களின் நடுவில் தொடங்கி அந்தப் பத்தாண்டின் கடைசியில் முடிந்தது.

உள்ளே தன்னார்வலர் ஒருவர் கூட்டிப்போனார். எழுபது வயதிருக்கும் அம்மா. எதையும் மனப்பாடமாக ஒப்பிக்கவில்லை. தன் பெரியப்பா வீட்டைக் காட்டுவதுபோல் காட்டினார். உத்தரங்களில் கோடாலியால் செதுக்கிய வரிகள் தெரிகின்றன. தரையெல்லாம் நவஹோ பூர்வகுடி மக்கள் நெய்த கம்பளங்கள். சுவரெல்லாம் சார்ல்ஸ் ரஸ்ஸலின் ஓவியங்கள். மொன்டானாவில் நிஜமாகவே மாடு மேய்த்துவிட்டு ஓவியரானவர் ரஸ்ஸல். ஹார்ட் நாடகக் குழுவோடு ஊர் ஊராகச் சுற்றிய காலத்திலிருந்தே நண்பர். டூம்ஸ்டோன் துப்பாக்கிச் சண்டையால் பெயர்பெற்ற வயாட் ஏர்ப்பும் நண்பர்தான். 1929-ல் ஏர்ப் இறந்தபோது பெட்டி தூக்கியவர்களில் ஹார்ட்டும் ஒருவர். நிஜ மேற்கின் சவத்தைத் திரை மேற்கு தோள்கொடுத்துத் தூக்கிய அந்தக் காட்சியை நினைத்துக்கொண்டே அந்த அறையில் நின்றேன்.

இவ்வளவு பெரிய வீட்டில் வாழ்ந்தது இரண்டு பேர்தான். ஹார்ட், அவர் தங்கை மேரி எல்லன். திருமணம் 1921-ல் நடந்தது, சீக்கிரமே பிரிந்துவிட்டார்கள். ஒரு மகன், அவன் தாயோடு வளர்ந்தான். அண்ணனும் தங்கையும் இந்தக் குன்றின் மேல் புத்தகங்களும் நாய்களுமாக இருந்தார்கள். 1943-ல் தங்கை போனாள். மூன்று வருடத்தில் அவரும். என் தங்கை இதைக் கேட்டதும் ஒன்றும் பேசாமல் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள்.

ஹார்ட் உயில் எழுதி இந்த வீட்டையும் நிலத்தையும் லாஸ் ஏஞ்சலஸ் கவுண்டிக்கு (நம்மூர் மாவட்டம் மாதிரி), அதாவது பொதுமக்களுக்கு, விட்டுவிட்டுப் போனார். நான் படம் எடுத்தபோது மக்கள் தங்கள் அஞ்சு காசையும் பத்துக் காசையும் கால் டாலரையும் எனக்குக் கொடுத்தார்கள், நான் போன பிறகு என் வீடு அவர்களுக்குத்தான் என்று சொன்னவர் அவர். வாசலில் டிக்கெட் இல்லாததன் காரணம் இதுதான். பணம் ஏற்கெனவே கட்டியாயிற்று. கட்டியவர்கள் நூறு வருடத்துக்கு முந்தைய தரை டிக்கெட்டுக்காரர்கள்.

மகன் கோர்ட்டுக்குப் போனான். அப்பா சுயநினைவோடு எழுதிய உயில் இல்லை என்று வாதம். வழக்கு ஆண்டுக்கணக்கில் இழுத்து, கடைசியில் கவுண்டி பக்கம் தீர்ந்தது. 1958-ல்தான் இந்தக் கதவு மக்களுக்குத் திறந்தது. மகனுடைய வருத்தம் எனக்குப் புரியாமலில்லை. அப்பாவை அவன் ஊராரோடு சேர்ந்து திரையில் பார்த்து வளர்ந்தவன். வீடும் ஊராருக்கே போய்விட்டது. ஆனாலும் அந்தத் தன்னார்வலர் அம்மா துணியால் ஒரு கண்ணாடிப் பேழையின் மேல் படிந்த கைரேகையைத் துடைத்ததைப் பார்த்தபோது, அவர் எழுதியதுதான் சரி என்று பட்டது.

இறங்கும் வழியில் ஃப்ரிட்ஸின் சமாதி. ஃப்ரிட்ஸ் அவருடைய குதிரை. வெள்ளையும் பழுப்புமாகத் திட்டுத்திட்டான சின்னக் குதிரை. ஆறடிக்கு மேல் உயரமான ஹார்ட் ஏறினால் கால் தரையைத் தொடுமோ என்று தோன்றும். ஆனால் அதைக் கீழே விழவைத்தும் ஆற்றில் நீந்தவைத்தும் ஜன்னல் வழியே பாயவைத்தும் படம் எடுத்தார். 1938-ல் அது செத்துப்போனது. அடுத்த வருடம், 1925-ல் எடுத்த தன் கடைசிப் படமான 'டம்பிள்வீட்ஸ்' மறுபடி திரைக்கு வந்தபோது, ஹார்ட் இதே பண்ணையில் நின்று அதற்கு ஒரு முன்னுரை பேசினார். இந்த மௌனப்பட நடிகரின் குரலை ரசிகர்கள் திரையில் கேட்ட ஒரே தருணம் அது. எழுபத்து நாலு வயது. மேடையில் பழகிய கனத்த குரல். போகப் போக உடைகிறது. அந்த எட்டு நிமிடத்தை எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். இன்று அந்தச் சரிவில் நின்றபோது, அதற்குப் பின்னால் தெரியும் மலை இதுதானா என்று ஒவ்வொரு பக்கமாகத் திரும்பிப் பார்த்தேன்.

கால் வலிக்கிறது. நாளை சீக்கிரம் கிளம்ப வேண்டும்.


இரண்டாம் நாள்: பிப்ரவரி 23, சனி. பசிபிக் பாலிசேட்ஸ்

பட்டியலில் இன்னோர் இடமும் இருந்தது. அகூராவில் பாரமவுண்ட் பண்ணை. பாரமவுண்ட் நிறுவனம் 1927-ல் வாங்கிப் படப்பிடிப்புக்கு வைத்திருந்த இடம். பின்னால் தேசியப் பூங்காத் துறையிடம் வந்தது. அங்கே ஒரு முழு கௌபாய் தெருவே இருந்தது. போன நவம்பரில் வூல்ஸி காட்டுத்தீ வந்தது. சின்னத் தேவாலயமும் ரயில் நிலையமும் தவிர அந்தத் தெரு முழுக்கச் சாம்பல். நாலு மாதம் முன்னால் வந்திருந்தால் பார்த்திருப்பேன். மாப்பிள்ளை காரை ஓட்டிக்கொண்டே, "அந்தத் தீயை எங்க ஆபீஸ் மாடியில இருந்தே பாத்தோமுங்க மச்சான். மேகமாட்டம் பொகை" என்றார்.

அதனால் இன்று நேரே வில் ராஜர்ஸ் பண்ணைக்கு.

சன்செட் புலவாரிலிருந்து பிரிந்து மலையேறும் பாதை. இருபுறமும் யூகலிப்டஸ் மரங்கள். மழையில் நனைந்த இலைகளின் தைல வாசம் கார் கண்ணாடியை இறக்கியதுமே உள்ளே வந்துவிட்டது. ஊட்டி வாசம் என்றாள் தங்கை. மேலே திறந்தது ஒரு பெரிய புல்வெளி. குதிரை மேலிருந்து பந்தடிக்கும் போலோ ஆட்டத்துக்கான மைதானம். அதற்கு மேலே மலையடியில், உயரமில்லாமல், நீளமாக, வெள்ளையும் மரமுமாக ஒரு வீடு.

வில் ராஜர்ஸ் யாரென்று இந்தத் தலைமுறைக்குச் சொல்ல வேண்டும். 1879-ல், இன்றைய ஓக்லஹோமாவில், அன்று அமெரிக்க அரசு பூர்வகுடிகளுக்கென ஒதுக்கியிருந்த பிரதேசத்தில் பிறந்தவர். செரோக்கி இனத்தவர். கயிறு வீசுவதில் மன்னர். ஒரே நேரத்தில் மூன்று சுருக்குக் கயிறுகளை வீசி, ஒன்று குதிரையின் கழுத்திலும் ஒன்று அதன் மேலிருப்பவர் மேலும் ஒன்று குதிரையின் கால்களிலும் விழச்செய்வார். தென்னாப்பிரிக்காவில் சர்க்கஸ், நியூயார்க்கில் ஸீக்ஃபெல்ட் கேளிக்கை நிகழ்ச்சி மேடை, பிறகு சினிமா. மேடையில் கயிறு சுழற்றிக்கொண்டே அன்றைய பத்திரிகைச் செய்திகளைப் பற்றிப் பேசுவார். அந்தப் பேச்சு கயிற்றை விடப் பெரிதாகிவிட்டது. பத்திரிகைப் பத்தி, வானொலி, பேசும்படம் எல்லாவற்றிலும் அவர். 1930-களின் பொருளாதார வீழ்ச்சியில் அமெரிக்கர்கள் காலையில் முதலில் படித்தது அவரைத்தான். என் மூதாதையர் ஆங்கிலேயக் குடியேறிகளை ஏற்றிவந்த மேஃப்ளவர் கப்பலில் வரவில்லை, அது வந்தபோது கரையில் நின்று வரவேற்றார்கள் என்று அவர் சொன்னதை அங்கே போனவர்களெல்லாம் திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள்.

1920-களில் இந்த மலைநிலத்தை வாங்கினார். முதலில் வாரக்கடைசிக்கு ஒரு சின்னக் குடில். 1928-ல் குடும்பமே இங்கே குடிவந்துவிட்டது. குடில் அறை அறையாக வளர்ந்து 31 அறைகள் ஆயிற்று. ஆனால் உள்ளே போனால் மாளிகை என்ற எண்ணமே வரவில்லை. நேற்றைய வீடு ஒரு மனிதர் தன்னை எப்படி நினைவில் வைக்க வேண்டும் என்று யோசித்துக் கட்டியது. இது வாழ்ந்து வாழ்ந்து தானாக விரிந்த வீடு.

கூடத்துக்குள் நுழைந்ததும் நாங்கள் நாலு பேரும் ஒரே நேரத்தில் ஒன்றைப் பார்த்து நின்றுவிட்டோம்.

ஊஞ்சல்.

கூடத்தின் நடுவில், உத்தரத்திலிருந்து சங்கிலியில் தொங்கும் ஊஞ்சல். இந்த நாட்டில் ஊஞ்சல் என்றால் வீட்டுக்கு முன்னால் தாழ்வாரத்தில் போடுவது. நடுக்கூடத்தில் போட்டவர் இவர். எதிரில் பெரிய கல் அடுப்பு, மேலே வண்டிச்சக்கரத்தில் விளக்கு, சுவரெல்லாம் சேணமும் கயிறும் கம்பளமும். மருமகள் அதுவரை வரலாறு கேட்டுக் களைத்திருந்தாள். ஊஞ்சலைக் கண்டதும் முகம் மாறிவிட்டது. "மாமா, அம்மாச்சி வீட்ல இருக்கறாப்லயே!" அவள் போய் உட்கார்ந்துவிடுவாளோ என்று தங்கை தோளைப் பிடித்துக்கொண்டாள். கயிறு கட்டித் தடுத்திருந்தார்கள். கயிற்றுக்கு இந்தப்பக்கம் நின்று, காலால் தரையை உந்துவதுபோல் இரண்டு தடவை அசைத்துக் காட்டினாள்.

அந்தக் கூடத்தின் கூரை மற்ற அறைகளைவிட உயரம். காரணம் கேட்டேன். கயிறு வீச இடம் போதவில்லை என்று ராஜர்ஸ் கூரையையே உயர்த்திக் கட்டியிருக்கிறார். ஓரமாக ஒரு கன்றுக்குட்டி நின்றது. பாடம் செய்த கன்று. வீட்டுக்கு வருகிறவர்கள் மேலெல்லாம் இவர் சுருக்கு வீசுவது தாங்காமல், எட் போரைன் என்ற ஓவிய நண்பர் கொண்டுவந்து கொடுத்தது: இனி இதன் மேல் வீசு என்று. கன்றின் கழுத்தைக் கவனித்துப் பார்த்தேன். கயிறு விழுந்து விழுந்து தேய்ந்த தடம் என் கண்ணுக்குத் தெரிந்தது. தொழுவத்தில் வளர்ந்தவனுக்கு அந்தத் தடம் எந்த இடத்தில் இருக்கும் என்று தெரியும்.

பிறகு குதிரை லாயம். வேறிடத்திலிருந்த ஒரு கொட்டகையைக் கொண்டுவந்து, அதை இரண்டாக அறுத்து, நடுவில் வட்டமான கூடம் ஒன்றைச் சேர்த்துக் கட்டியது. நடுவில் நின்று மேலே பார்த்தால் மரச்சட்டங்கள் குடையின் கம்பிகள்போல் விரிகின்றன. வைக்கோல், சாணி, தோல் வாசம். இன்றும் குதிரைகள் இருக்கின்றன. நான் இந்தப் பயணத்தில் அதிக நேரம் செலவிட்டது அங்கேதான். மாப்பிள்ளை இரண்டு தடவை வந்து கூப்பிட்டுவிட்டுப் போனார்.

1935 ஆகஸ்ட் 15. அலாஸ்காவின் வடகோடியில், பாயின்ட் பாரோவுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன விமானம் விழுந்தது. ஓட்டியவர் வைலி போஸ்ட், உடன் போனவர் வில் ராஜர்ஸ். 55 வயது. மனைவி பெட்டி வீட்டை அவர் விட்டுப்போன நிலையிலேயே வைத்திருந்தார். 1944-ல் பெட்டியும் காலமானார். அந்த வருடமே 186 ஏக்கரும் கலிஃபோர்னியா மாநிலத்துக்குப் பூங்காவாகச் சேர்ந்தது. போலோ மைதானத்தில் போலோ ஆட்டம் தொடர வேண்டும் என்பது கொடையோடு சேர்ந்த நிபந்தனை. எனக்கு இது மிகவும் பிடித்தது. நினைவுத் தூணோ சிலையோ அந்த அம்மா கேட்கவில்லை. குதிரை ஓடிக்கொண்டே இருக்க வேண்டும் என்று கேட்டார்.

சாயங்காலம் மலைமுகட்டுக்கு ஏறினோம். 'இன்ஸ்பிரேஷன் பாயின்ட்' என்று பெயர். ஒரு பக்கம் முழுக்கடல். மறுபக்கம் நகரம், அதற்கும் பின்னால் பனி மூடிய மலைகள். கடலையும் பனியையும் ஒரே இடத்தில் நின்று பார்த்த நாள் எனக்கு வேறில்லை. திரும்பி இறங்கும்போது வீட்டின் ஓடு தெரிந்தது. சுற்றிலும் யூகலிப்டஸ், அதற்கப்பால் புதர், புதருக்குப் பின்னால் மலை. மாப்பிள்ளை அதையே பார்த்துக்கொண்டிருந்தார். "மழை பெஞ்சதனால பச்சையா இருக்குதுங்க மச்சான். இதே புல்லுதான் கோடையில காஞ்சு கெடக்கும்" என்றார். அதற்குமேல் அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.


மூன்றாம் நாள்: பிப்ரவரி 24, ஞாயிறு. கார்ல்ஸ்பாட்

இன்றிரவு ஹாலிவுட்டில் ஆஸ்கர் விழா. ஊரெல்லாம் அந்தப் பக்கம் போக, நாங்கள் தெற்கே இறங்கினோம். இரண்டு மணி நேரத்துக்கு மேல் பயணம். ஆரஞ்சு கவுண்டி, பிறகு கடலை ஒட்டிய நெடுஞ்சாலை, பென்டில்டன் ராணுவ முகாம், ஓஷன்சைட், கார்ல்ஸ்பாட்.

லியோ கரியோவின் பண்ணை. 1950-களில் தொலைக்காட்சியில் 'சிஸ்கோ கிட்' என்ற கௌபாய் தொடரில் நாயகனின் தோழன் பாஞ்சோவாக வந்தவர். அப்போது அவருக்கு எழுபது வயது. கலிஃபோர்னியாவின் மிகப் பழைய ஸ்பானியக் குடும்பங்களில் ஒன்று இவருடையது. 1837-ல், இந்த நிலம் மெக்சிகோவிடம் இருந்த காலத்தில், கொள்ளுத்தாத்தா கார்லோஸ் அந்தோனியோ கரியோ ஆளுநராக நியமிக்கப்பட்டவர்.

1937-ல் லியோ இந்தப் பள்ளத்தாக்கை வாங்கினார். முன்னோர் வாழ்ந்த விதத்தில் ஒரு பண்ணை வேண்டும் என்பது அவர் ஆசை. வாங்கிச் சேர்த்தது மொத்தம் 2,500 ஏக்கருக்கும் மேல். குரூஸ் மெண்டோசா என்ற மண்வீட்டுக் கைவினைஞர் அதே நிலத்து மண்ணைக் குழைத்து, வைக்கோல் சேர்த்து, வெயிலில் காயவைத்து அடுக்கிய பச்சைச் செங்கல் சுவர்கள். சுவரைத் தொட்டதும் குளிர்ச்சி. பண்ணைக்குப் பெயர் 'லோஸ் கியோத்தேஸ்'; இங்கே மலைகளில் ஈட்டிபோல் பூத்தண்டு நிமிரும் யுக்கா செடியின் பெயர். நீச்சல் குளத்தின் கரையில் மணல் கொட்டிக் கடற்கரைபோல் ஆக்கியிருக்கிறார். மாடுகளுக்குச் சூடு போடும் குறியில் அவர் பெயரின் முதலெழுத்துகளுக்குச் சிறகு முளைத்திருக்கும். அந்தப் 'பறக்கும் எல்.சி.' இன்று பூங்காவுக்குப் போகும் தெருவின் பெயரும் ஆகிவிட்டது.

மயில்கள்! கூரை மேல், சுவர் மேல், பாதை நடுவில். லியோ வளர்த்தவற்றின் வாரிசுகள் என்கிறார்கள். நம்மூர்ப் பறவையை இங்கே, கற்றாழைக்கும் சப்பாத்திக் கள்ளிக்கும் நடுவில், அதே அகவலோடு பார்த்தது தங்கைக்குத்தான் அதிக சந்தோஷம். ஒரு தோகை கிடைக்குமா என்று வழியெல்லாம் தேடினாள்.

1961-ல் லியோ இறந்த பிறகு, இந்த ஏக்கர்கள் மெல்ல மெல்ல வீட்டுமனைகளாயின. பண்ணையின் நடுப்பகுதி மட்டும் நகராட்சியிடம் வந்து, ஆண்டுக்கணக்கில் பழுதுபார்த்து, 2003-ல் பூங்காவாகத் திறந்தது. இப்போது 27 ஏக்கர். சுற்றிலும் குடியிருப்புகள்.

இத்தோடு முடித்துவிட்டால் இனிமையாக இருக்கும். ஆனால் வரும் வழியெல்லாம் என் மனதில் வேறொன்றும் இருந்தது. அதை எழுதாமல் விட முடியாது.

1942 ஜனவரி. பேர்ல் ஹார்பரை ஜப்பான் தாக்கி ஒரு மாதம். மேற்குக் கடற்கரையில் வாழ்ந்த ஜப்பானிய அமெரிக்கர்களை அங்கிருந்து அகற்ற வேண்டும் என்று குரல்கள் எழுந்தபோது, இதே லியோ கரியோ லீலண்ட் ஃபோர்டு என்ற நாடாளுமன்ற உறுப்பினருக்குத் தந்தி கொடுத்தார். ஒவ்வொரு வாரமும் என் பண்ணைக்குப் போகும் வழியில் நூறு மைல் தூரம் ஜப்பானியர்களின் குடிசைகளைக் கடந்து போகிறேன், அவை உயரமான முக்கிய இடங்களாகப் பார்த்துக் கட்டப்பட்டவைபோல் இருக்கின்றன, இவர்களைக் கடற்கரையிலிருந்து உள்நாட்டுக்கு அனுப்புங்கள் என்று அதில் கேட்டிருந்தார். பிப்ரவரி 19-ல் ஜனாதிபதி ரூஸ்வெல்ட் அதற்கான உத்தரவில் கையெழுத்திட்டார். சுமார் 1,20,000 பேர் முள்வேலி முகாம்களுக்குப் போனார்கள். அவர்களில் மூன்றில் இரண்டு பங்கு அமெரிக்கக் குடிமக்கள்.

பண்ணைக்குப் போகும் வழி. அந்த வழியில்தான் இன்று காலை நாங்களும் வந்தோம். காய்கறி விளைந்த அந்தக் குடியானவர் வீடுகள் இருந்த இடத்தில் இன்று என்ன இருக்கிறது என்று ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டே வந்தேன். ஃப்ரீவேயும் கடைத்தொகுதிகளும்தான்.

இவர் கெட்டவர் என்று ஒரே சொல்லில் முடித்துவிடவும் எனக்கு மனமில்லை. மாநிலப் பூங்கா ஆணையத்தில் ஆண்டுக்கணக்கில் உழைத்து, கடற்கரைகளையும் மலைகளையும் மக்களுக்காகக் காத்துக் கொடுத்தவர். மாலிபு பக்கத்தில் ஒரு கடற்கரைப் பூங்காவுக்கே அவர் பெயர். மண்ணோடு பல தலைமுறை உறவு என்ற பெருமை அவருக்கு. அதே மண்ணில் விதைத்துக்கொண்டிருந்த பக்கத்து மனிதரை மட்டும் அவர் கண் வேறுவிதமாகப் பார்த்தது. மண்சுவரின் குளிர்ச்சியை உள்ளங்கையில் உணர்ந்தபோதும் அந்தத் தந்தி என்னைவிட்டுப் போகவில்லை. பூங்கா முழுக்கச் சுற்றியும் இதைச் சொல்லும் பலகை ஒன்றுகூட என் கண்ணில் படவில்லை. இந்தச் சுவர்களைக் காத்தவர்கள் அதையும் ஒரு மூலையில் எழுதி வைக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள்.

திரும்பும்போது இருட்டிவிட்டது. மருமகள் பின்சீட்டில் தூங்கிவிட்டாள். கையில் ஒரு மயில் இறகு. தங்கைக்குக் கிடைக்காதது அவளுக்குக் கிடைத்திருக்கிறது.


ஆறு வருடம் கழித்து: 2025 ஜனவரி 13, திங்கள். காங்கேயம்

அந்தப் பயணம் மூன்றாம் நாளோடு முடிந்தது. இதை அதன் கீழேயே சேர்க்கிறேன்.

ஜனவரி 7 காலை பசிபிக் பாலிசேட்ஸ் மலையில் தீ பிடித்தது. மழை காணாத மாதங்கள். பாலைவனத்திலிருந்து கடலை நோக்கி அடித்த பேய்க்காற்று. அந்தத் தீயில் வில் ராஜர்ஸின் வீடு முழுக்க எரிந்துவிட்டது. லாயமும் எரிந்துவிட்டது. பூங்கா ஊழியர்கள் குதிரைகளை முன்கூட்டியே வெளியேற்றிவிட்டார்கள். கைக்கு எட்டிய ஓவியங்களையும் அரும்பொருள்களையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். தீ அந்தப் பகுதியில் ஆயிரக்கணக்கான குடும்பங்களின் வீடுகளையும் கொண்டுபோனது. உயிர்களும் போயின. அதற்கு முன்னால் ஒரு பழைய வீட்டுக்காக அழுவது சரியா என்று தெரியவில்லை. அழுகை வந்தது.

செய்தியில் காட்டிய படத்தில் கல் அடுப்பின் புகைப்போக்கி மட்டும் நின்றது. அதை வைத்துத்தான் இது கூடம், இது வாசல், இங்கேதான் நாங்கள் நாலு பேரும் நின்றோம் என்று கணக்குப் போட முடிந்தது.

இன்று எங்கள் ஊரில் காப்புக் கட்டு. விடிவதற்குள் எழுந்து வேப்பிலை, பூளைப்பூ, ஆவாரம்பூ மூன்றையும் சேர்த்துக் கட்டி, வீட்டு நிலையிலும் கூரை மூலையிலும் மாட்டுத் தொழுவத்திலும் செருகினேன். கொறங்காட்டு வேலிப் படலிலும் ஒன்று. வீட்டையும் உருப்படிகளையும் காக்கச் சொல்லி ஒவ்வொரு வருடமும் கட்டுவதுதான். இந்த வருடம் கை மெதுவாக வேலை செய்தது.

வேலை முடித்து வந்து போனைப் பார்த்தால் மருமகளிடமிருந்து செய்தி. இப்போது அவளுக்குப் பதினெட்டு வயது. "மாமா, அந்த ஊஞ்சல் போட்டோ உங்ககிட்ட இருக்குதா? என்கிட்ட இல்ல."

பழைய ஹார்ட் டிஸ்க்கை எடுத்து ஒரு மணி நேரம் தேடினேன். அந்த ஒரு நாளில் இருநூற்றுக்கும் மேல் படம் எடுத்திருக்கிறேன். லாயத்துச் சட்டங்கள், கன்றின் கழுத்து, முகட்டிலிருந்து கடல். ஊஞ்சல் ஒரே ஒரு படத்தில் இருக்கிறது. அதிலும் பாதி. மீதிப் பாதியை மறைத்துக்கொண்டு பன்னிரண்டு வயது மருமகளின் முதுகு. ஒரு கால் தரையை உந்துவதற்காகக் குதிகால் தூக்கியிருக்கிறது.

அதை அனுப்பி வைத்தேன்.